இரண்டு கடிவாளங்கள்: அமெரிக்கப் பேச்சு வானொலியின் கட்டற்ற காலம்

அமெரிக்காவில் ‘டாக் ரேடியோ’ எனப்படும் பேச்சு வானொலியில் பாட்டுக்கு இடமில்லை. தொகுப்பாளர் மணிக்கணக்கில் பேசுவார். நேயர்கள் தொலைபேசியில் வந்து ஒத்து ஊதுவார்கள் அல்லது மல்லுக்கு நிற்பார்கள். 1960இல் லாஸ் ஏஞ்சலிஸின் கேஏபிசியும் செயின்ட் லூயிஸின் கேஎம்ஓஎக்ஸும் பேச்சையே தங்கள் முதன்மைச் சரக்காக்கின. 1970களில் இசை நேயர்கள் தெளிவான ஒலி தரும் பண்பலைக்கு மாறியபோது, ஆளிழந்த மத்திய அலை நிலையங்கள் பல பேச்சைக் கொண்டே பிழைத்தன.

இந்தப் பேச்சுக்குச் சட்டப்படி முன்தணிக்கை இருந்ததில்லை. 1934ஆம் ஆண்டின் தகவல்தொடர்புச் சட்டம், உரிமம் வழங்கும் எஃப்சிசி ஆணையம் நிகழ்ச்சிகளைத் தணிக்கை செய்வதைத் தடுத்தது. ஆனால் ஒலிபரப்பான பின் அபராதம் விதிக்கவும், உரிமத்தைப் புதுப்பிக்க மறுக்கவும் ஆணையத்தால் முடியும். அந்த அதிகாரத்தைக் கொண்டு இரண்டு கடிவாளங்கள் போடப்பட்டன. ஒன்று, 1949இல் வந்த நடுநிலைக் கோட்பாடு: பொதுப் பிரச்சினைகளைப் பேசும் நிலையம் மாற்றுக் கருத்துக்கும் இடம் தர வேண்டும். மற்றொன்று, ஆபாசப் பேச்சுக்கான தடை.

இரண்டாவது கடிவாளம் 1970களில் சோதனைக்கு உள்ளானது. 1971இல் லாஸ் ஏஞ்சலிஸில் பில் பாலன்ஸ் நடத்திய நிகழ்ச்சியில் பெண்கள் தொலைபேசியில் தங்கள் அந்தரங்க வாழ்க்கையைப் பேசினார்கள். பல ஊர்கள் அதைப் பின்பற்றின. 1973இல் சிகாகோ புறநகர் நிலையம் ஒன்றுக்கு ஆணையம் 2,000 டாலர் அபராதம் போட்டதும் அந்த அலை அடங்கியது. அதே ஆண்டு நியூயார்க்கின் டபிள்யூபிஏஐ நிலையம், கெட்ட வார்த்தைகளைப் பற்றிய ஜார்ஜ் கார்லினின் நகைச்சுவைப் பேச்சைப் பிற்பகலில் ஒலிபரப்பியது. அந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. வானொலி வீட்டுக்குள் நுழைகிறது, சிறுவர்கள் காதிலும் விழுகிறது. ஆகவே ஆணையம் தலையிடலாம் என்று 1978இல் 5க்கு 4 என்ற கணக்கில் தீர்ப்பு வந்தது.

திருப்பம் 1987இல் நேர்ந்தது. அந்த ஏப்ரலில் ஆணையம் ஆபாசத்தின் வரையறையை விரித்தது. ஆகஸ்டில் நடுநிலைக் கோட்பாட்டைக் கைவிட்டது. அந்தக் கோட்பாட்டைச் சட்டமாக்க நாடாளுமன்றம் நிறைவேற்றிய மசோதாவை அதிபர் ரீகன் ஜூனிலேயே நிராகரித்திருந்தார். ஒரே ஆண்டில் கருத்தின் கடிவாளம் அவிழ, சொல்லின் கடிவாளம் இறுகியது. அடுத்த ஏறக்குறைய இருபது ஆண்டுகளின் போக்கை இந்த முரணே தீர்மானித்தது.

கருத்துப் பக்கம் வென்றவர் ரஷ் லிம்பா. 1988 ஆகஸ்டில் நாடு தழுவிய ஒலிபரப்பைத் தொடங்கிய அவர், எதிர்த்தரப்புக்கு நேரம் ஒதுக்கும் கட்டாயம் இல்லாமல் மணிக்கணக்கில் வலதுசாரி அரசியல் பேசினார். 1994 தேர்தலில் குடியரசுக் கட்சி வென்றபோது, புதிய உறுப்பினர்கள் அவரைத் தங்கள் கௌரவ உறுப்பினராக்கினர்.

சொல்லின் எல்லையை உரசியவர் ஹோவர்ட் ஸ்டெர்ன். 1985இல் நியூயார்க்கின் டபிள்யூஎன்பிசி அவரை வேலையிலிருந்து நீக்கியது; அதே ஆண்டு வேறொரு நியூயார்க் நிலையத்தில் அமர்ந்தார். பாலியல், சக பணியாளர்களின் சண்டை, தன் சொந்தக் குறைகள் என எதையும் அவர் விட்டுவைக்கவில்லை. புகார்கள் குவிந்தன; 1995இல் அவரது நிறுவனமான இன்ஃபினிட்டி 17 லட்சம் டாலர் கட்டி வழக்குகளை முடித்துக்கொண்டது. விளம்பர வருவாய்க்கு முன் அது தாங்கக்கூடிய செலவாகவே இருந்தது.

இந்தச் சுதந்திரத்துக்கு வேறு விலைகளும் இருந்தன. டென்வரில் நேயர்களைக் காரசாரமாக மடக்கிய யூதத் தொகுப்பாளர் ஆலன் பெர்க்கை 1984 ஜூனில் வெள்ளை இனவெறிக் கும்பல் அவர் வீட்டு வாசலிலேயே சுட்டுக் கொன்றது. 2002இல் ஓப்பி, ஆந்தனி என்ற இணை நடத்திய பாலியல் போட்டி நியூயார்க்கின் புனித பேட்ரிக் பேராலயம் வரை போனதால் நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது. 3,57,000 டாலர் அபராதமும் விழுந்தது.

2004 பிப்ரவரியில் சூப்பர் பவுல் என்ற அமெரிக்கக் கால்பந்து இறுதி ஆட்டத்தின் இடைவேளை நிகழ்ச்சியில் பாடகி ஜேனட் ஜாக்சனின் மார்பு ஒரு கணம் தெரிந்ததை நாடே தொலைக்காட்சியில் பார்த்தது. ஆணையத்தின் கெடுபிடி கூடியது. அந்த மாதமே கிளியர் சேனல் என்ற வானொலி நிறுவனம் தன் ஆறு நிலையங்களில் ஸ்டெர்னை நிறுத்தியது. சந்தா கட்டிக் கேட்கும் செயற்கைக்கோள் வானொலியை ஆபாச விதி கட்டுப்படுத்தாது என்பதால், அவர் சிரியஸ் நிறுவனத்துடன் ஐந்தாண்டுகளுக்கு 50 கோடி டாலர் மதிப்பில் ஒப்பந்தம் செய்தார். 2005 டிசம்பர் 16இல் சாதாரண வானொலியில் கடைசியாகப் பேசி, 2006 ஜனவரி 9இல் சிரியஸில் தொடங்கினார். அதே ஆண்டு ஒரு மீறலுக்கான உச்ச அபராதம் 32,500 டாலரிலிருந்து 3,25,000 டாலராக உயர்த்தப்பட்டது.

இப்படி, கட்டற்ற பேச்சு இலவச அலைவரிசையை விட்டுச் சந்தாவுக்குப் போனது. நடுநிலைக் கோட்பாடு 2011இல் விதிப்புத்தகத்திலிருந்தே நீக்கப்பட்டது. காலை 6 மணி முதல் இரவு 10 மணி வரை ஆபாசப் பேச்சுக்கு உள்ள தடை மட்டும் இன்றும் நடப்பில் இருக்கிறது.