மானமும் மானியமும்

ரேஷன் கடை வரிசையில் மஞ்சள் பையோடு நிற்கிறாரே ஓர் அம்மா, அவருக்கும் மைசூர் மகாராஜாவுக்கும் என்ன சம்பந்தம்?

விடுகதை எல்லாம் இல்லை. ஒரே ஒரு வார்த்தைதான் சம்பந்தம். மானியம்!

அந்த அம்மாவின் பையில் விழுகிற அரிசிக்குப் பின்னால் இருப்பது உணவு மானியம். மைசூர் அரண்மனைக்கு டெல்லியிலிருந்து வருஷா வருஷம் போய்க்கொண்டிருந்தது மன்னர் மானியம். ஆனால், இரண்டையும் ஒரே குரலில் நாம் சொல்வதில்லை, கவனித்திருக்கிறீர்களா? 'மன்னர் மானியம்' என்றால் பட்டு அங்கவஸ்திரம் சரசரக்கிறது. 'அரிசி மானியம்' என்றதும், "நம்ம வரிப் பணமெல்லாம் இப்படியே போகுதுப்பா..." என்று ஒரு பெருமூச்சு! ஒரே சொல் எப்படி இரண்டு முகத்தோடு அலைகிறது? கொஞ்சம் பின்னால் போய்ப் பார்த்துவிடலாம், வாருங்கள்.

மானியம் வடமொழியிலிருந்து வந்த சொல். 'மான்ய' என்றால் மதிப்புக்குரிய, மரியாதைக்குரிய என்று பொருள். நாம் உயிரைவிடப் பெரிதாகச் சொல்கிற 'மானம்' இதற்குக் கூடப் பிறந்தது. ஆக, மானியம் என்பது பிறவியிலேயே பிச்சைக்கு எதிர்ப்பதம்!

சோழர் காலக் கல்வெட்டுகளில் இதற்கு இன்னும் அழகான பெயர் இருந்தது: இறையிலி. இறை என்றால் வரி. வரி இல்லாத நிலம் இறையிலி. கோயிலுக்கு விட்டால் தேவதானம், பிராமணர்களுக்கு பிரம்மதேயம், சமணப் பள்ளிகளுக்கு பள்ளிச்சந்தம். போரிலோ, ஊரைக் காப்பாற்றும் சண்டையிலோ செத்துப்போனவனின் குடும்பத்துக்கு விட்ட நிலத்துக்கு உதிரப்பட்டி என்று பெயர். உதிரம் என்றால் ரத்தம். பெயரே எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறது.

பிற்காலத்தில் விஜயநகர, நாயக்கர் ஆட்சிகளில் 'மானியம்', 'சர்வமானியம்' என்ற சொற்கள் ஓங்கின. ஊர்க் கணக்குப்பிள்ளைக்கு மானியம், தலையாரிக்கு மானியம், நாவிதர் மானியம், வண்ணார் மானியம், தச்சர் மானியம், ஏரியைப் பராமரிக்கிறவருக்கு மானியம். இதில் முக்கியமான விஷயம் ஒன்று. ராஜா யாருக்கும் கையிலிருந்து காசு எடுத்துக் கொடுக்கவில்லை. "நீ ஊருக்கு வேலை செய்கிறாய். அதனால் இந்த நிலத்தின் வரியை உன்னிடம் கேட்க மாட்டேன்" என்பதுதான் ஒப்பந்தம். வாங்கியவன் கூனிக் குறுகி நிற்கவில்லை. அது அவனுடைய சம்பளம், கூடவே கௌரவம். (எல்லோருக்கும் சமமான கௌரவம் இல்லை. பிரம்மதேயமும் வண்ணார் மானியமும் ஒரே தராசில் வைக்கப்பட்டன என்று நான் கதைவிட மாட்டேன்!)

முகலாயர், நவாப் காலத்தில் இதே விஷயத்துக்கு 'இனாம்' என்ற அரபுச் சொல் வந்து ஒட்டிக்கொண்டது. கோவில்பட்டிக்குப் பக்கத்தில் இனாம் மணியாச்சி இருக்கிறது பாருங்கள், அந்த இனாம்தான். பரிசு, வெகுமதி என்று கம்பீரமாக வந்த வார்த்தை, இன்றைக்கு "இனாமா கிடைச்சா எதையும் வாங்குவான்" என்கிற அளவுக்குத் தேய்ந்துபோய்விட்டது. வார்த்தைகளுக்கும் கெட்ட காலம் உண்டு.

வெள்ளைக்காரனுக்கு இந்த இனாம் கணக்கு சுத்தமாகப் பிடிக்கவில்லை. இவ்வளவு நிலம், வரி இல்லாமலா? 1858-ல் சென்னை மாகாணத்தில் இனாம் கமிஷன் போட்டார்கள். "யார் கொடுத்தது? எப்போது? பத்திரம் இருக்கா?" என்று ஊர் ஊராக விசாரணை. குறைந்த வரி ஒன்றைக் கட்டிவிட்டு நிலத்தைச் சொந்தமாக்கிக்கொள்ளலாம் என்று வழி செய்தார்கள். அப்படிச் சொந்தமான நிலத்துக்கும் ஊர் வேலைக்கும் இருந்த முடிச்சு அவிழ்ந்தது. மிச்சமிருந்த இனாம்களைச் சுதந்திரத்துக்குப் பிறகு 1963-ல் வந்த இனாம் ஒழிப்புச் சட்டங்கள் பார்த்துக்கொண்டன.

இப்போது ஆங்கிலப் பக்கம். நாம் மானியம் என்று மொழிபெயர்க்கிற 'சப்சிடி'யின் ஜாதகம் இன்னும் தமாஷானது. லத்தீனில் 'சப்சிடியம்' என்றால், போர்க்களத்தில் பின்வரிசையில் தயாராக உட்கார்ந்திருக்கும் உதவிப் படை. இங்கிலாந்துக்கு வந்ததும் அது வரியாகிவிட்டது! ஆமாம், ராஜாவின் செலவுக்காக நாடாளுமன்றம் மக்களிடம் வசூலித்துக் கொடுத்த வரிக்குப் பெயர்தான் சப்சிடி. கீழேயிருந்து மேலே போன பணம்.

இந்தியாவிலும் அதே கதைதான். கவர்னர் ஜெனரல் வெல்லெஸ்லியின் 'துணைப்படைத் திட்டம்' என்று பள்ளியில் படித்திருப்பீர்கள். கம்பெனியின் படை உங்கள் ராஜ்ஜியத்தில் வந்து தங்கும், உங்களைக் 'காப்பாற்றும்'. செலவை நீங்கள் தர வேண்டும். அந்தச் செலவுக்குப் பெயர் சப்சிடி! 1798-ல் முதலில் மாட்டியவர் ஹைதராபாத் நிஜாம். இரண்டே வருஷத்தில், 1800-ல், பணத்துக்குப் பதில் பெல்லாரி, கடப்பா, அனந்தப்பூர், கர்நூல் பக்கத்து நிலங்களையே கம்பெனிக்கு எழுதிக் கொடுத்துவிட்டார். 'விட்டுக்கொடுத்த மாவட்டங்கள்' என்ற பொருளில் அவற்றுக்கு 'சீடட்' என்று பெயர் விழுந்தது. தெலுங்கு சினிமா விநியோகஸ்தர்கள் ராயலசீமா ஏரியாவை 'சீடட்' என்றே குறிப்பிடுகிறார்கள். படம் சீடட்டில் எவ்வளவு வசூல் என்று பேசுகிறவர்கள், நிஜாம் கட்ட முடியாத சப்சிடியைப் பற்றித்தான் பேசுகிறோம் என்று நினைத்துப் பார்ப்பார்களா, தெரியாது!

திருவிதாங்கூர் கதை சோகமானது. 1805 உடன்படிக்கைப்படி வருஷத்துக்கு 8 லட்சம் ரூபாய் சப்சிடி. கையெழுத்துப் போட உடன் நின்ற தளவாய் வேலுத்தம்பியே, பாக்கி ஏறிக் கழுத்தை நெரித்தபோது கம்பெனிக்கு எதிராக வாளெடுத்தார். தோற்றார். 1809-ல் மண்ணடியில் தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டார். இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்தின் தலக்குளத்தில் பிறந்தவர் அவர். மானத்துக்காக சப்சிடியை எதிர்த்தவர் என்று சொன்னால், அந்தக் காலத்துப் பொருளில் சரியாகவே இருக்கும்.

சரி, மன்னர் மானியத்துக்கு வருவோம்.

1947-ல் நாடு சுதந்திரம் அடைந்தபோது, 550-க்கும் மேற்பட்ட சமஸ்தானங்கள். படேலும் வி.பி.மேனனும் ஒவ்வொரு ராஜாவாக உட்காரவைத்துப் பேசி, இணைப்புப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கினார்கள். நம் புதுக்கோட்டை 1948 மார்ச்சில் சேர்ந்தது. ராஜ்ஜியத்தை ஒப்படைத்ததற்குப் பதிலாக, ஆண்டுதோறும் ஒரு தொகை. அரசியல் சட்டத்தின் 291-வது பிரிவிலேயே எழுதிக் கொடுத்த வாக்குறுதி. அந்தத் தொகைக்கு வருமான வரியும் கிடையாது. ஆங்கிலத்தில் 'பிரிவி பர்ஸ்'. தமிழ்ப் பத்திரிகைகள் வைத்த பெயர் மன்னர் மானியம். எவ்வளவு பொருத்தம் பாருங்கள். கைம்மாறாகக் கிடைப்பது, வரி இல்லாதது, கௌரவமானது. சாட்சாத் பழைய மானியமேதான்!

மைசூருக்கு 26 லட்சம் ரூபாய். சௌராஷ்டிரத்தில் கடோடியா என்றொரு குட்டி சமஸ்தானம், அதன் ராஜாவுக்கு வருஷத்துக்கு 192 ரூபாய். மாசம் 16 ரூபாய்! அவரும் சட்டப்படி மகாராஜா வரிசையில்தான் வருவார். "அவர்கள் விட்டுக்கொடுத்ததோடு ஒப்பிட்டால் இது சின்ன விலை" என்கிற ரீதியில்தான் 1949 அக்டோபரில் அரசியல் நிர்ணய சபையில் படேல் வாதாடினார்.

இருபதே வருஷத்தில் காற்று திசை மாறியது. காங்கிரஸ் இரண்டாக உடைந்து, இந்திரா காந்தி இடது பக்கம் சாய்ந்த நேரம். 1970 செப்டம்பரில் மன்னர் மானிய ஒழிப்பு மசோதா மக்களவையில் நிறைவேறியது. தி.மு.க. இந்திராவின் பக்கம். செப்டம்பர் 5-ம் தேதி மாநிலங்களவைக்கு வந்தது. அரசியல் சட்டத் திருத்தம் என்பதால் மூன்றில் இரண்டு பங்கு ஓட்டு தேவை. ஆதரவு 149, எதிர்ப்பு 75. மொத்தம் 224 ஓட்டு. அதில் மூன்றில் இரண்டு பங்கு எவ்வளவு? கணக்குப் போட்டுப் பாருங்கள்... 149-ம் சொச்சமும். அந்தச் சொச்சம், ஒரு ஓட்டில் மூன்றில் ஒரு பாகம்! மசோதா தோற்றுப்போனது.

இந்திரா சும்மா இருப்பாரா? உடனடியாக ஜனாதிபதி வி.வி.கிரியின் உத்தரவு: இனி எந்த ராஜாவும் ராஜா இல்லை. அங்கீகாரமே போனால் மானியம் ஏது? குவாலியரின் மாதவராவ் சிந்தியா உச்ச நீதிமன்றம் போனார். பல்கிவாலா வாதாடினார். டிசம்பரில் உத்தரவு ரத்து. அதே மாதக் கடைசியில் இந்திரா மக்களவையைக் கலைத்தார், 'வறுமையே வெளியேறு' என்று தேர்தலுக்குப் போனார், அமோகமாக ஜெயித்தார். 1971 டிசம்பரில் 26-வது திருத்தம் வந்து, மன்னர் மானியம் முடிந்தது. (ராயப்பேட்டை அமீர் மகாலில் இருந்த ஆற்காடு இளவரசரின் ஓய்வூதியம் மட்டும் இதில் சிக்கவில்லை. அது சமஸ்தான இணைப்புக்காகத் தந்தது இல்லை, அதற்கும் முன்னால் வெள்ளைக்காரன் கொடுத்தது!)

கொடுத்த வாக்கை அரசு மீறியது என்று பல்கிவாலா தரப்பு சொன்னதில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் அதே 1970-ல், மாநிலங்களவை ஓட்டெடுப்புக்கு இரண்டரை மாதம் முன்பு, நம்மூரில் நடந்த ஒன்றையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். திருப்பூருக்குப் பக்கத்தில் பெருமாநல்லூர். உயர்த்திய பம்புசெட் மின் கட்டணத்தில் யூனிட்டுக்கு ஒரே ஒரு பைசா குறைக்கச் சொல்லி விவசாயிகள் போராடினார்கள். துப்பாக்கிச் சூட்டில் 3 பேர் செத்துப்போனார்கள். ஒரு பைசா! அங்கே அவர்களுக்கு நினைவுத்தூண் இருக்கிறது. ராஜாக்களுக்கு அரசியல் சட்டத்தில் ஒரு பிரிவு, உச்ச நீதிமன்றம், பல்கிவாலா. விவசாயிக்கு ஒரு தூண். என்னைக் கேட்டால், மானியத்தின் இரண்டு முகம் அந்த ஒரே வருஷத்தில் தெளிவாகத் தெரிந்துவிட்டது.

அதன்பிறகு 'மானியம்' என்றாலே உரம், மின்சாரம், அரிசி, கேஸ் என்று ஆனது. கூடவே 'சுமை' என்ற வாலும் ஒட்டிக்கொண்டது. 1991 ஜூலை பட்ஜெட்டில் மன்மோகன் சிங் உர விலையை 40 சதவிகிதம் ஏற்றினார். எதிர்ப்பு கிளம்பியதும் அதை 30 ஆக்கி, சிறு, குறு விவசாயிகளுக்கு விலக்குக் கொடுத்தார். 2015-ல் கேஸ் மானியத்தை வசதி உள்ளவர்கள் விட்டுக்கொடுங்கள் என்று மத்திய அரசு பிரசாரமே செய்தது. ஒரு கோடிக்கும் மேற்பட்டவர்கள் விட்டுக்கொடுத்தார்கள்.

தமிழ்நாட்டு அரசியல்வாதிகள் வார்த்தை விஷயத்தில் கில்லாடிகள். 'இலவசம்' என்ற சொல்லில் ஓர் அவமானம் ஒட்டியிருக்கிறது என்பதை அவர்கள் சீக்கிரமே மோப்பம் பிடித்துவிட்டார்கள். 2011-ல் ஆட்சிக்கு வந்த ஜெயலலிதா, மிக்ஸி, கிரைண்டர், ஆடு, மாடு எல்லாவற்றுக்கும் 'விலையில்லா' என்று அடைமொழி வைத்தார். 2023 செப்டம்பரில் மு.க.ஸ்டாலின் அரசு ஒரு கோடிக்கும் அதிகமான பெண்களுக்கு மாசம் 1,000 ரூபாய் கொடுக்கத் தொடங்கியபோது, அதற்கு உதவித்தொகை என்று பெயர் வைக்கவில்லை. 'உரிமைத் தொகை' என்றார்கள். வீட்டில் பெண்கள் செய்யும் வேலைக்கான மதிப்பு என்று விளக்கமும் சொன்னார்கள். பாருங்கள், வேலைக்குப் பதில், மதிப்பு... பழைய மானியத்தின் பொருள் வேறு சட்டை போட்டுக்கொண்டு திரும்பி வந்திருக்கிறது! டெல்லியிலோ 2022-ல் இதையெல்லாம் 'ரேவடி', அதாவது எள்ளு மிட்டாய் கலாசாரம் என்று பிரதமர் மோடி கிண்டலடித்தார்.

போகட்டும், சுத்த இறையிலி, அதாவது 'உன்னிடம் வரி கேட்க மாட்டேன்' என்கிற அசல் மானியம் இப்போது எங்கே இருக்கிறது? இருக்கிறது. பெரிய கம்பெனிகளுக்குக் கிடைக்கிறது. ஆனால் அதை மானியம் என்று யாரும் சொல்வதில்லை. 'வரிச் சலுகை', 'ஊக்கத்தொகை' என்பார்கள். இப்படிக் கேட்காமல் விட்ட வரி எவ்வளவு என்று 2006-ம் வருஷ மத்திய பட்ஜெட்டிலிருந்து ஒரு பட்டியல் போட ஆரம்பித்தார்கள். 'கைவிடப்பட்ட வருவாய்' என்ற பொருளில் அதற்குத் தலைப்பு. பத்து வருஷம் கழித்துப் பார்த்தால் தலைப்பு மாறிவிட்டது. 'வரி ஊக்குவிப்புகளால் வருவாயில் ஏற்படும் தாக்கம்' என்றாக்கிவிட்டார்கள்.