மலைக்கள்ளனுக்கு 17 வருஷம் முன்னால்

ராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் பக்கம் சினிமாவில் சண்டை போட்ட நாயகி யாருன்னு கேட்டா, என் வயசுக்காரங்க 'வைஜெயந்தி ஐ.பி.எஸ்.' விஜயசாந்தியைச் சொல்வாங்க. கே. டி. ருக்மணின்னு ஒரு பெயரை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. ஆனால் கதை அங்கேதான் தொடங்குது.

1935-ல் பம்பாயில் வாடியா மூவிடோன் 'ஹண்டர்வாலி' எடுத்தது. முகமூடியும் சாட்டையுமாக வந்த நாடியா, ஆஸ்திரேலியாவில் பிறந்தவர். படம் பெரிய வெற்றி. அந்தக் காலத்தில் தமிழ்ப் படங்கள் பலதும் பம்பாயிலும் கல்கத்தாவிலும்தான் தயாராயின. முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) உருவானதும் பம்பாயில்தான். அதனால் அந்த அலை தமிழுக்கு வர ரொம்ப நாள் ஆகலை.

1937-ல் கே. அமர்நாத் இயக்கத்தில் 'மின்னல்கொடி' வந்தது. நாயகி ருக்மணி. மின்னல்கொடி என்ற கொள்ளைக்காரன் சாகும்போது தன் வேலையை மோகினியிடம் ஒப்படைக்கிறான். அவள் ஆண் வேஷம் போட்டுக்கொண்டு, அதே பெயரில் பணக்காரர்களிடம் பறித்து ஏழைகளுக்குக் கொடுக்கிறாள். பிடிக்க வரும் போலீஸ் இன்ஸ்பெக்டரோடு காதலும் உண்டு. 1939-ல் அதே அமர்நாத், அதே ருக்மணி: 'வீர ரமணி'.

தமிழ் சினிமா பெரும்பாலும் புராணமும் பாட்டுமாக இருந்த நேரம் இது. பாகவதருடைய 'சிந்தாமணி', 'அம்பிகாபதி' இரண்டும் அதே 1937-ல்தான் வந்தன. அந்த வருஷத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் அவற்றோடு நிறுத்திக்கொள்கிறார்கள். பாட்டு வீட்டுக்குள்ளே இசைத்தட்டாக வந்து சேரும். குதிரைச் சவாரியும் சண்டையும் அப்படி வராது. படம் தியேட்டரை விட்டுப் போனால் அதோடு போச்சு. ருக்மணியை நாம் மறந்ததற்கு இது ஒரு காரணம்னு எனக்குப் படுது.

இன்னொன்றும் இருக்கு. 1954-ல் எம்.ஜி.ஆரின் 'மலைக்கள்ளன்' வந்தது. அதிலும் வேஷம் மாறி வரும் கொள்ளைக்காரன், ஏழைக்கு உதவுபவன். நாமக்கல் கவிஞரின் கதை அது. 'மின்னல்கொடி'யைப் பார்த்து எடுத்தார்கள்னு நான் சொல்ல வரலை. ஆனால் அதே மாதிரி வேஷம் ஓர் ஆணுக்கு வாழ்நாள் முழுக்கக் கூட வந்த பிம்பமாச்சு. ருக்மணிக்குச் சில வருஷப் பிழைப்போடு சரி.

விஜயசாந்தியை 'புதுசு'ன்னு நாம் கொண்டாடியபோது, அது அரை நூற்றாண்டுப் பழசு.