நியமனமும் ஒப்புதலும்

1854-ஆம் ஆண்டின் உட் கல்வி அறிக்கை வகுத்த மானிய முறை, காலப்போக்கில் ஆசிரியரை நியமிக்கும் உரிமையைப் பள்ளி நிர்வாகத்திடமும் ஊதியம் வழங்கும் பொறுப்பை அரசிடமும் பிரித்துவிட்டதால், அரசு உதவிபெறும் பள்ளிகளின் பணியிட வழக்குகளுக்கு அதுவே வேராயிற்று.

ஆசிரியரைப் பணிநீக்கம் செய்யக் கல்வித்துறையின் முன் ஒப்புதல் வேண்டும் என்று 1973-ஆம் ஆண்டின் தமிழ்நாடு தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம் விதித்தபோது, அரசியலமைப்பின் 30-ஆம் பிரிவைக் காட்டிச் சிறுபான்மைப் பள்ளிகள் நீதிமன்றம் சென்றன.

1997-இல், நாற்பது மாணவருக்கு ஓர் ஆசிரியர் என்ற அளவுகோலை அரசாணை எண் 525 நிலைநிறுத்தியது. கணக்குக்கு மிஞ்சியவர் ‘உபரி ஆசிரியர்’ எனப்பட, உபரியைக் காரணங்காட்டிப் புதிய நியமனத்துக்கு ஒப்புதல் மறுக்கப்பட்டால், ஊதியமின்றிப் பாடம் நடத்தியவர் சென்னை உயர்நீதிமன்றத்தில் நீதிப்பேராணை மனு தாக்கல் செய்வது வழக்கமாயிற்று.

2011-இல் வந்த ஆசிரியர் தகுதித் தேர்வு இவ்வழக்குகளைப் பெருக்கியது. அத்தேர்வு சிறுபான்மைப் பள்ளிகளைக் கட்டுப்படுத்துமா என்ற கேள்வியை 2025 செப்டம்பர் 1-இல் உச்ச நீதிமன்றம் பெரிய அமர்வின் பரிசீலனைக்கு அனுப்பியது.