பட்டியலில் உறைந்த பெயர்: சாதி, பழங்குடிச் சான்றும் சொல்வடிவச் சிக்கலும்

இந்திய அரசியலமைப்பின் 341, 342 ஆகிய உறுப்புகள் ஒருவகையில் பெயர்களைப் பற்றிய விதிகளே எனலாம். பட்டியல் சாதி எது, பட்டியல் பழங்குடி எது என்பதற்கு அவை இலக்கணம் வகுக்கவில்லை. குடியரசுத் தலைவரின் ஆணையில் எப்பெயர் இடம்பெறுகிறதோ அப்பெயருக்கு உரியோரே அப்பிரிவினர் என்று கூறி அமைகின்றன. 1950ஆம் ஆண்டு ஆணைகள் ஆங்கிலத்தில் வெளிவந்தன. வெவ்வேறு மொழிகளில் வெவ்வேறு ஒலிப்புகளோடு வழங்கிய குலப்பெயர்கள் ரோமன் எழுத்தில் ஒரு வடிவம் பெற்று உறைந்தன. அவ்வடிவத்தைத் திருத்தும் உரிமை அதன்பின் நாடாளுமன்றத்துக்கே உரியதாயிற்று. எனவே, சான்று கேட்டு வருபவர் தம் வாழ்நிலையைக் காட்டுவதற்கு முன் தம் குலப்பெயர் ஆணையிலுள்ள சொல்தான் என்று காட்டியாக வேண்டும்.

இச்சிக்கல் தெளிவாக வெளிப்பட்ட தொடக்கக்கால வழக்கு பெங்களூரு தெற்குத் தனித்தொகுதியின் தேர்தல் பற்றியது. பசவலிங்கப்பா - முனிச்சின்னப்பா வழக்கு என அறியப்படும் அதில், வென்ற வேட்பாளர் 'போவி' என்றார். எதிர்த்தரப்போ அவர் 'ஒட்டர்' என்றது. ஆணையில் இருந்த சொல் 'போவி'. ஆனால் 1956க்கு முன் மைசூர் அரசில் அப்பெயரில் தனிச்சாதி எதுவும் இருந்ததில்லை. ஒட்டர் சமூகத்தார் 1944இல் மாநாடு கூட்டித் தம் பெயரைப் போவி என மாற்றுமாறு வேண்டினர். 1946இல் மைசூர் அரசும் அதனை ஏற்றது. ஆதலின், அச்சொல் யாரைச் சுட்டுகிறது என்பதற்குச் சாட்சியம் கேட்கலாம் என 1964இல் உச்ச நீதிமன்றம் இசைந்தது. இவ்விசைவு மிகக் குறுகியது. ஆணையில் உள்ள ஒரு சாதிக்குள் ஆணையில் இல்லாத இன்னொன்று அடங்கும் எனச் சாட்சியம் காட்டலாகாது என்பதே பொதுவிதி என்றும் அதே தீர்ப்பு உரைத்தது. சட்டம் சுட்டுபொருளை ஒரேயொரு முறை விசாரித்துவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டது போலும்!

இதற்கு நேர்மாறான நிலை கேரளத்தில் எழுந்தது. அங்கே சொல் ஒன்று, சுட்டப்படுவோர் இருவர். 'தண்டான்' என்பது தென்பகுதியில் ஒரு பட்டியல் சாதியின் பெயர். பாலக்காடு உள்ளிட்ட மலபார்ப் பகுதியிலோ ஈழவர், தீயருள் ஒரு பிரிவினருக்கும் அப்பெயர் வழங்கியது. 1976ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் பட்டியலில் இருந்த வட்டார எல்லைகளை நீக்கியபோது, ஒலியொப்புமை ஒன்றாலேயே மலபார்த் தண்டான்களும் பட்டியலுக்குள் வந்தனர். மாநில அரசு சான்று தர மறுத்தது. ஆணை உள்ளவாறே படிக்கப்பட வேண்டும், அதன் உட்பொருளை ஆராய அரசுக்கோ நீதிமன்றத்துக்கோ இடமில்லை என்றது உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. அகராதியில் இரு தனிப்பதிவுகளாகப் பிரித்து எழுதியிருக்க வேண்டிய ஒன்றைச் சட்டம் ஒரே பதிவாக வைத்திருந்தது. 2007ஆம் ஆண்டுத் திருத்தம், பழைய கொச்சி, மலபார்ப் பகுதிகளில் தண்டான் என வழங்கப்பெறும் ஈழவர், தீயர் நீங்கலாக என்ற அடைமொழியைச் சேர்த்தே அதனைத் தீர்த்தது.

பெயர் பொருந்தினும் ஆள் பொருந்த வேண்டும். இங்குத்தான் பள்ளிப் பதிவேடு வருகிறது. அரசியலமைப்புக்கு முற்பட்ட ஆவணங்களுக்கு நீதிமன்றங்கள் மிகுந்த மதிப்பளிக்கின்றன. அவற்றை எழுதியவர் ஊர் ஆசிரியரோ எழுத்தரோதான். மகாதேவ கோலி எனும் பழங்குடியினராகத் தம்மைக் கூறிக்கொண்டோர் வழக்கில் பதிவேடு 'இந்து கோலி' என்றது, கோரிக்கை வீழ்ந்தது. அதே 1994ஆம் ஆண்டுத் தீர்ப்பு, ஆய்வுக் குழுவும் விழிப்புப் பிரிவும் அமைத்து, தெய்வம், சடங்கு, மணமுறை, ஈமமுறை ஆகியவற்றையும் விசாரிக்கப் பணித்தது. ஆயினும் இடப்பெயர்வாலும் பிறரோடு கலந்து வாழ்வதாலும் இவை மாறுவன. இத்தகைய இனத்தொடர்புச் சோதனை முடிந்த முடிபு ஆகாது என 2023இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. அவ்வழக்கின் பெயரும் இருபொருட்பட்டதே: மகாராட்டிரத்தில் 'டாக்கூர்' பழங்குடியின் பெயர், உயர்சாதியார் சிலரின் குடும்பப் பெயருமாகும்.

மொழியியலாரை மிகவும் ஈர்க்கக்கூடியது ஒரே எழுத்தில் நின்ற வழக்கு. மகாராட்டிரப் பழங்குடிப் பட்டியலில் 'ஒராவோன், தங்கட்' என்றுள்ளது. ஆடு மேய்க்கும் 'தங்கர்' சமூகத்தார், தங்கட் என்பது தங்கர் என்பதன் எழுத்துப்பிழையே என வாதிட்டனர். நாவை வளைத்து வருடி ஒலிக்கும் ஒலியை ரோமன் எழுத்தில் சிலர் டகரத்தாலும் சிலர் ரகரத்தாலும் குறிப்பது வடஇந்தியப் பெயர்களில் பொதுவழக்கு. ஆகவே வாதம் ஒலியியல் அளவில் புறந்தள்ளத்தக்கதன்று. எனினும் பட்டியலில் அச்சொல்லுக்குத் துணையாக நிற்பது 'ஒராவோன்'. அவர்கள் சோட்டா நாகபுரியின் குருக் மொழியினர். திராவிடக் குடும்பத்து வடகிளையைச் சார்ந்தோர். மராத்தி பேசும் மேய்ப்பரோடு அவர்களை இணைப்பதற்கு எழுத்தொப்புமை ஒன்று போதாது. 2024 பிப்ரவரியில் மும்பை உயர் நீதிமன்றம் அம்மனுக்களைத் தள்ளியது. டகரத்தை ரகரமாகப் படிக்கும் உரிமையும் நாடாளுமன்றத்திடமே இருக்கிறது.