உயிரியலும் தத்துவமும்: லைசெங்கோ வரலாறு தரும் பாடம்

உயிரியல் ஏனைய விஞ்ஞானங்களைப் போன்றதே. எனினும் அதன் அடித்தளத்திற் கிடக்கும் சில கேள்விகள் ஆய்வுகூடத்திற் பிறந்தவையல்ல. உயிர் என்பது யாது? உயிரற்ற சடப்பொருளிலிருந்து அது எவ்வாறு தோன்றிற்று? ஓர் உயிரியை ஆக்குவது அதன் பரம்பரையா, அது வாழும் சூழலா? பெற்றோர் தம் வாழ்நாளில் முயன்று ஈட்டிய பண்பு பிள்ளைக்குப் பிறப்பிலேயே கிட்டுமா? நுணுக்குக்காட்டி தோன்றுவதற்குப் பன்னூறு ஆண்டுகளுக்கு முன்னரே சிந்தனையாளர் இவற்றைக் கேட்டனர். விஞ்ஞானம் இக்கேள்விகளைத் தத்துவத்திடமிருந்து பெற்றுக்கொண்டு, தனக்கே உரிய முறையில் விடை தேடலாயிற்று.

இவற்றுள் இறுதிக் கேள்வி, மேலோட்டமாகப் பார்ப்போர்க்கு, எலிகளையும் பயற்றஞ் செடிகளையும் பற்றிய சிறு கேள்வியாகவே தோன்றும். ஆனால் இக்கேள்வியின் பொருட்டே இருபதாம் நூற்றாண்டில் ஒரு பேரரசு தன் விஞ்ஞானிகளைத் தண்டித்தது. உலகின் தலைசிறந்த தாவரவியலாளருள் ஒருவர் சிறையில் மடிந்தார். இது நிகழ்ந்தது சமதர்மத்தை இலட்சியமாகக் கொண்ட நாட்டிலே. ஆதலின் அவ்விலட்சியத்தை நேசிப்போராகிய நாமே இவ்வரலாற்றை ஆராய்தல் வேண்டும். இதனைப் பேசும் உரிமையை நம் எதிரிகளுக்கு விட்டுவிட்டு நாம் வாய்மூடியிருத்தல் நேர்மையாகாது.

பிரெஞ்சு அறிஞர் லாமார்க் 1809ஆம் ஆண்டில் ஒரு கொள்கையை முன்வைத்தார். உறுப்புகள் பயன்பாட்டால் வளர்கின்றன, பயன்படாமையால் தேய்கின்றன, இவ்வாறு ஈட்டப்பட்ட மாற்றம் சந்ததிக்குச் செல்கின்றது என்பதே அதன் சாரம். சம்மட்டி பிடித்து உரமேறிய கொல்லனின் கைகள் அவன் மகனுக்கும் வாய்க்கும் என்னும் பொதுமக்கள் நம்பிக்கையும் இதுவே. 1859ஆம் ஆண்டில் இயற்கைத் தேர்வுக் கொள்கையை வெளியிட்ட டார்வின்கூட இதனை முற்றாகத் தள்ளிவிடவில்லை. குரங்கு மனிதனாக மாறியதில் உழைப்பு வகித்த பங்கைப் பற்றி எங்கெல்ஸ் 1876ஆம் ஆண்டளவில் எழுதிய கட்டுரையும் இதனை ஏற்றுக்கொண்டே செல்கின்றது. அக்காலத்து விஞ்ஞானம் அறிந்தது அவ்வளவே; அதற்காக எவரையும் குறைகூறுவதற்கில்லை.

ஆனால் சோதனை வேறு விடை கூறிற்று. ஜெர்மானிய அறிஞர் வைஸ்மன் 1880களில் சுண்டெலிகளின் வாலை வெட்டி, ஐந்து தலைமுறைகளாக அவற்றை இனம் பெருக்கினார். பிறந்த 901 குட்டிகளுள் ஒன்றேனும் வாலின்றிப் பிறக்கவில்லை. அதற்கு முன்னரே, 1866ஆம் ஆண்டில், மெண்டல் என்னும் துறவி பயற்றஞ் செடிகளிற் கண்ட பரம்பரை விதிகளை வெளியிட்டிருந்தார். உலகம் அவற்றை 1900ஆம் ஆண்டிலேயே மீளக் கண்டுகொண்டது. 1910ஆம் ஆண்டு தொடக்கம் அமெரிக்காவில் மோர்கனும் அவர்தம் மாணவரும் பழ ஈக்களை ஆராய்ந்து, பரம்பரை அலகுகள் உயிரணுவின் நிறமூர்த்தங்களில் அமைந்துள்ளன என்று நிறுவினர். பிறப்புரிமையியல் என்னும் விஞ்ஞானம் இவ்வாறு உருவாயிற்று.

இவ்விஞ்ஞானத்தை முற்போக்காளர் பலர் ஐயத்துடன் நோக்கியதற்குக் காரணங்கள் இருந்தன. எல்லாம் இயங்குகின்றன, எல்லாம் மாறுகின்றன என்று கொள்ளும் இயக்கவியலாளனுக்கு, சூழலாற் பாதிக்கப்படாது தலைமுறை தலைமுறையாக இறங்கிவரும் ஓர் அலகு மாறாப் பொருளாக, ஏறத்தாழ ஆன்மாவைப் போன்றதாகத் தோன்றிற்று. இது தத்துவக் காரணம். அரசியற் காரணம் இன்னும் வலியது. கால்ற்றன் என்னும் ஆங்கிலேயர் 1883ஆம் ஆண்டில் ‘இனமேம்பாடு’ என்னும் கோட்பாட்டிற்குப் பெயர் சூட்டினார். ‘தகுதியற்றோர்’ பிள்ளை பெறுதலைத் தடுக்க வேண்டும் என்பது அதன் முடிவு. 1927ஆம் ஆண்டில் அமெரிக்க உயர் நீதிமன்றம் கட்டாயக் கருத்தடையைச் சட்டபூர்வமானது என்று தீர்த்தது. 1933ஆம் ஆண்டில் ஹிட்லரின் அரசு அதனையே பெரும் அளவிற் செயற்படுத்தும் சட்டத்தை இயற்றிற்று. இவர்கள் அனைவரும் பரம்பரையின் பெயரையே சொல்லினர். மறுபுறத்தில் லாமார்க்கின் கொள்கையோ நம்பிக்கையூட்டிற்று. சூழலை மாற்றினால் மனிதன் மாறுவான், அம்மாற்றம் அவன் குருதியிலும் ஊறும் என்று அது கூறுவதாகப் பலரும் கருதினர்.

இந்த ஐயம் நியாயமானது. ஆயினும் ஒரு கொள்கை நமக்கு உவப்பாயிருக்கின்றது என்பதால் அது உண்மையாகிவிடாது. புரட்சிக்குப் பிந்திய சோவியத் நாடு இதனைத் தொடக்கத்தில் நன்கு உணர்ந்திருந்தது. 1920களில் அந்நாட்டுப் பிறப்புரிமையியல் உலகின் முன்னணியில் நின்றது. அதன் தலைமகன் நிக்கொலாய் வவிலோவ். பயிர்களின் பூர்வீக நிலங்களைத் தேடி ஆப்கானிஸ்தானிலும் எத்தியோப்பியாவிலும் தென்னமெரிக்காவிலும் அலைந்து விதைகளைத் திரட்டியவர் அவர். லெனின்கிராட்டில் அவர் அமைத்த விதைக் களஞ்சியம் இரண்டு இலட்சத்திற்கு மேற்பட்ட மாதிரிகளைக் கொண்டிருந்தது. பசியை உலகினின்றும் அகற்றுதல் என்னும் இலட்சியமே அவரை இயக்கியது. 1929ஆம் ஆண்டில் லெனின் கமத்தொழில் விஞ்ஞானக் கழகத்தின் முதற் தலைவராக அவர் அமர்ந்தார்.

இந்நிலையிலேயே உக்ரேனிய விவசாயி ஒருவரின் மகனாகிய துரோபிம் லைசெங்கோ மேலெழுந்தார். விதைகளை நனைத்துக் குளிரூட்டி விதைத்தால் குளிர்காலக் கோதுமையை இளவேனிலிலும் பயிரிடலாம் என்று அவர் காட்டினார். இவ்விளைவு பொய்யன்று, அது முன்னரே அறியப்பட்டிருந்தது. இதனால் விளைச்சல் பெருகும், கோதுமையின் பரம்பரையே மாறிவிடும் என்று அவர் உரிமை கொண்டாடியதே பிழை. கூட்டுப் பண்ணைகளுக்கு வினாக்கொத்துக்களை அனுப்பி, பண்ணை அதிகாரிகள் எழுதியனுப்பிய விடைகளையே அவர் பெருமளவிற் சான்றாகக் கொண்டார். பதப்படுத்திய விதையையும் பதப்படுத்தாத விதையையும் அருகருகே விதைத்து ஒப்பிடும் ஒழுங்கான சோதனைகளை அவர் பொருட்படுத்தவில்லை.

அவர் குரல் ஏன் ஏற்கப்பட்டது? 1932, 1933ஆம் ஆண்டுகளின் பஞ்சத்தில் இலட்சக்கணக்கானோர் மாண்டிருந்தனர். அரசுக்கு விரைவான விளைச்சல் வேண்டியிருந்தது. ஒரு புதிய பயிரினத்தை உருவாக்கப் பத்தாண்டுகள் வேண்டும் என்றனர் வவிலோவின் வழிநின்றோர். இரண்டு மூன்று ஆண்டுகள் போதும் என்றார் லைசெங்கோ. தம்மை எதிர்த்த அறிஞரை மக்கள் விரோதிகளாகவும், தம் கொள்கையை இயக்கவியற் பொருள்முதல்வாதத்தின் உயிரியலாகவும் அவர் சித்திரித்தார். விவசாயியின் மகன் என்னும் பிறப்பே அவருக்கு ஒரு சான்றிதழாயிற்று. பிறப்பை வைத்து மனிதனை மதிப்பதை எதிர்த்தெழுந்த இயக்கத்தில் இவ்வாறு நிகழ்ந்தமை நம் சிந்தனைக்குரியது.

1936ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில் மொஸ்கோவில் இரு சாராரும் மேடையில் மோதினர். அங்கு அமெரிக்கப் பிறப்புரிமையியலாளர் ஹெர்மன் முல்லர் எழுந்து பேசினார். எக்ஸ் கதிர்களால் விகாரங்களைத் தோற்றுவிக்கலாம் என 1927ஆம் ஆண்டில் நிறுவியவர் அவர். சமதர்மத்தில் நம்பிக்கை கொண்டு 1933ஆம் ஆண்டில் சோவியத் நாட்டிற் குடியேறியவர். அவர் குறைகளற்றவர் அல்லர். இனமேம்பாட்டுக் கனவு அவரையும் பற்றியிருந்தது. ஆயினும் அன்று அவர் எழுப்பிய வாதம் இன்றும் நம் கவனத்திற்குரியது.

அவ்வாதத்தை நம் சொற்களிற் கூறின் இவ்வாறு அமையும். ஈட்டிய பண்புகள் பரம்பரையாகச் செல்வது உண்மையாயின், நற்பண்பு மட்டுமன்றிக் கேடும் அவ்வாறே செல்லும். நூற்றாண்டுகளாகப் பசியிலும் அறியாமையிலும் அடக்கி வைக்கப்பட்ட மக்களின் உடலும் மூளையும் அவ்வடக்குமுறையாற் பரம்பரையாகவே தாழ்ந்திருக்க வேண்டும். ஆண்ட வர்க்கத்தின் பிள்ளைகள் பிறப்பிலேயே உயர்ந்திருக்க வேண்டும். இது அடிமை உடைமையாளரும் குடியேற்றவாதிகளும் விரும்பும் முடிவன்றோ! ஒரு தலைமுறைக்கு நேர்ந்த கொடுமை அடுத்த தலைமுறையின் பரம்பரை அலகுகளில் எழுதப்படுவதில்லை என்று கூறும் விஞ்ஞானமே ஒடுக்கப்பட்டோரின் நண்பன். வாய்ப்பு மறுக்கப்பட்டவனின் குழந்தை முழு ஆற்றலுடனேயே பிறக்கின்றது. முற்போக்காளர் நண்பனைப் பகைவனென்றும் பகைவனை நண்பனென்றும் எண்ணி ஏமாந்தனர்.

அவ்வாதத்திற்கு விடை கூறப்படவில்லை. 1937ஆம் ஆண்டில் முல்லர் சோவியத் நாட்டைவிட்டு வெளியேறினார். மறு ஆண்டு லைசெங்கோ கமத்தொழிற் கழகத்தின் தலைவரானார். 1940ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில், விதைகளைத் தேடி மேற்கு உக்ரேனில் நின்ற வவிலோவ் கைது செய்யப்பட்டார். நாசவேலை, உளவு என்பன அவர்மீது சாட்டப்பட்ட குற்றங்கள். 1941ஆம் ஆண்டில் விதிக்கப்பட்ட மரணதண்டனை பின்னர் இருபதாண்டுச் சிறையாக மாற்றப்பட்டது. 1943ஆம் ஆண்டு ஜனவரி 26ஆம் திகதி, சராத்தோவ் நகரச் சிறையில், பட்டினியால் நலிந்த நிலையில் அவர் உயிர்நீத்தார்.

அதே காலத்தில் லெனின்கிராட் நகரம் பாசிசப் படைகளின் முற்றுகையிற் கிடந்தது. வவிலோவின் களஞ்சியத்தில் அரிசியும் கோதுமையும் கடலையும் மூட்டை மூட்டையாக இருந்தன. அவற்றைக் காத்து நின்ற விஞ்ஞானிகள் பசியால் ஒருவர் பின் ஒருவராக மடிந்தனர். அரிசிப் பயிர் நிபுணர் ஒருவர் அரிசிப் பொதிகளின் நடுவே உயிர்விட்டார். எதிர்கால மக்களின் உணவுக்குரிய விதைகளை அவர்கள் உண்ணவில்லை. சமதர்ம மனிதன் எத்தகையன் என்று கேட்போருக்கு நாம் இவர்களையே காட்டலாம்.

1948ஆம் ஆண்டு ஜூலை இறுதியிலும் ஆகஸ்ட் முதல் வாரத்திலும் நடைபெற்ற கழகத்தின் மாநாடு இறுதி அடியை வீழ்த்திற்று. தம் அறிக்கையைக் கட்சியின் மத்திய குழு அங்கீகரித்துவிட்டது என்று லைசெங்கோ அறிவித்தார். அதன்பின் விவாதத்திற்கு இடமேது? பிறப்புரிமையியலாளர் சிலர் மேடையேறித் தம் கருத்தைக் கைவிட்டனர். ஆனால் போர்முனையில் ஒரு கண்ணை இழந்த கம்யூனிஸ்டான ரப்பொப்போர்ட் என்னும் இளம் விஞ்ஞானி பரம்பரை அலகின் உண்மையை அம்மேடையிலேயே எடுத்துரைத்தார். பின்னரும் பணிய மறுத்தார். கட்சி அவரை வெளியேற்றியது. ஆய்வுகூடங்கள் மூடப்பட்டன, பாடநூல்கள் மாற்றப்பட்டன, ஆசிரியர்கள் வேலையிழந்தனர். இதில் ஒரு விசித்திரமும் உண்டு. எல்லா விஞ்ஞானமும் வர்க்கச் சார்புடையதே என்று லைசெங்கோ தம் அறிக்கையின் முன்வரைவில் எழுதியிருந்தார். அதனைத் திருத்திய ஸ்டாலின், கணிதமும் அத்தகையதோ என்று ஓரத்தில் நகைத்து எழுதினார். அந்நகைப்பு வவிலோவை மீட்கவில்லை. எஞ்சியிருந்தோரைக் காக்கவும் இல்லை.

அப்படியாயின் பொருள்முதல்வாதத் தத்துவத்தால் உயிரியலுக்கு விளைந்தது தீமை மட்டும்தானா? அன்று. உயிர் சடப்பொருளிலிருந்து படிப்படியாகத் தோன்றியிருக்க வேண்டும் என்ற கருதுகோளை 1924ஆம் ஆண்டில் சோவியத் அறிஞர் ஒப்பாரினும், 1929ஆம் ஆண்டில் ஆங்கில அறிஞர் ஹோல்டேனும் தனித்தனியே வெளியிட்டனர். ஹோல்டேன் பின்னர் மார்க்சியராகி, லைசெங்கோ விடயத்தில் தடுமாறி, கட்சியை விட்டு விலகி, 1957ஆம் ஆண்டில் இந்தியாவுக்கு வந்து, 1964ஆம் ஆண்டில் புவனேஸ்வரிற் காலமானவர். அவர்கள் வெளியிட்ட கருதுகோள் 1953ஆம் ஆண்டில் சிக்காகோவிற் சோதனைக்குள்ளாயிற்று. பூமியின் பண்டைய வளியைப் போன்றதெனக் கருதப்பட்ட வாயுக் கலவையில் மின்பொறி பாய்ச்சி, மில்லர் என்னும் மாணவர் அமினோ அமிலங்களைப் பெற்றார். இங்கு தத்துவம் ஒரு கேள்வியை எழுப்பிச் சோதனையின் தீர்ப்புக்குக் காத்திருந்தது. லைசெங்கோவின் விடயத்திலோ தத்துவம் தீர்ப்பை முன்னரே எழுதி, சோதனையைச் சிறையிலிட்டது. ஒப்பாரினே பின்னாளில் லைசெங்கோவை ஆதரித்தார். ஒரே மனிதரின் கையில், ஒரே தத்துவம் ஒருகால் விளக்காகவும் மறுகால் விலங்காகவும் அமைந்ததை இங்கு காண்கிறோம்.

1953ஆம் ஆண்டிலேயே பரம்பரையின் மூலக்கூற்று அமைப்பை வாட்சனும் கிரிக்கும் விளக்கினர். மாறாத ஆன்மா என்று ஏளனஞ் செய்யப்பட்ட பரம்பரை அலகு, இரசாயன விதிகளுக்குட்பட்டு விகாரமடையும் சடப்பொருளே என்பது தெளிவாயிற்று. அதனைவிடப் பொருள்முதல்வாதத்திற்கு இசைந்த முடிவு வேறேது? 1955ஆம் ஆண்டில் சோவியத் விஞ்ஞானிகள் ஏறத்தாழ முந்நூறு பேர் லைசெங்கோவுக்கு எதிராக மத்திய குழுவுக்கு முறையிட்டனர். வவிலோவ் குற்றமற்றவர் என்று அறிவிக்கப்பட்டதும் அவ்வாண்டிலேயே. ஆயினும் 1965ஆம் ஆண்டிலேதான் லைசெங்கோ தம் நிறுவனத் தலைமையிலிருந்து நீக்கப்பட்டார்.

இதிலிருந்து நாம் பெறுவது என்ன? விஞ்ஞானத்தில் வர்க்க நலன் புகுவதில்லை என்பதன்று. எதனை ஆராய்வது, எவர் பணத்தில் ஆராய்வது, முடிவை எவருக்குப் பயன்படுத்துவது என்பவற்றில் அது புகவே செய்யும். இனமேம்பாட்டுவாதம் அதற்குக் கண்கூடான சான்று. ஆனால் குளிர்காலக் கோதுமை தன் பரம்பரையை மாற்றுகின்றதா என்பதை வயல்தான் கூறவேண்டும். மத்திய குழு கூறவியலாது. பரம்பரையா, சூழலா என்னும் பழைய கேள்வியும் பிழையாகவே அமைந்திருந்தது. உயிரி இரண்டினதும் இடையறாத வினையால் உருவாவது. தன் சூழலைத் தானும் மாற்றுவது. இதனை லெவின்ஸ், லெவொன்ரின் என்னும் மார்க்சிய உயிரியலாளர் இருவரும் 1985ஆம் ஆண்டில் எங்கெல்சுக்குக் காணிக்கையாக்கிய தம் நூலில் விரித்துரைத்தனர். லைசெங்கோவின் பிழையை அவர்கள் மறைக்கவில்லை; நேர்நின்று ஆராய்ந்தனர். பரம்பரை அலகுகளின் செயலைச் சூழல் தூண்டவும் அடக்கவும் கூடும் என்பதை இன்றைய ஆய்வுகள் காட்டுகின்றன. சிலர் இதனை லைசெங்கோவின் வெற்றியென்பர், அது பொருந்தாது. அவர் மறுத்த அலகுகளை ஏற்றுக்கொண்டே இவ்வாய்வுகள் நடைபெறுகின்றன.

அந்த லெவொன்ரினே 1972ஆம் ஆண்டில், மனித குலத்தின் பரம்பரை வேறுபாட்டில் ஏறத்தாழ 85 சதவீதம் ஒவ்வொரு மக்கட் குழுவினுள்ளேயே காணப்படுகின்றது என்று கணித்துக் காட்டினார். இன உயர்வு பேசுவோரின் அடித்தளத்தை இது தகர்த்தது. பிறப்பைக் காட்டி மனிதனை மனிதன் தாழ்த்தும் வழக்கம் நம் மண்ணிலும் உண்டு. தாழ்த்தப்பட்ட குடியிற் பிறந்த பிள்ளையையும், தோட்டத்து லயன் அறையிற் பிறந்த பிள்ளையையும் நோக்கி, “இவர்களுக்குப் படிப்பு ஏறாது, அது பரம்பரை” என்று கூறுவோரை நாம் கண்டிருக்கின்றோம். பாட்டனின் பசி பேரனின் அறிவைப் பிறப்பிலேயே பறித்துவிடுவதில்லை. அவனுக்கு மறுக்கப்படுவது உணவும் நூலும் ஆசிரியருமே; அவற்றைக் கொடுக்க நம்மால் இயலும்.

உயிரியல் கற்பிக்கும் ஆசிரியர்கள் மெண்டலின் பயற்றஞ் செடிகளைக் கரும்பலகையில் வரையும்போது வவிலோவின் கதையையும் மாணவருக்குச் சொல்வார்களாக. உண்மைக்கு அஞ்சும் இயக்கம் மக்களுக்குப் பயன்படாது. நமது இலட்சியம் நியாயமானதென நாம் உறுதியாக நம்புவோமாயின், அதற்குப் பொய்யின் துணை எதற்கு?