நிழலில் நின்ற நடிகை

திரைப்பட வரலாறு பெரும்பாலும் இயக்குநர்களின் வரலாறாகவே எழுதப்படுகின்றது. ஆயினும், ஒரு படைப்புக்கு உயிர் தந்தவர் யாவர் என ஆராயுங்கால், மறக்கப்பட்ட பெயர்கள் சில முன்வந்து நிற்கின்றன. அவற்றுள் ஒன்று லீலியா கோல்டோனி.

1936ஆம் ஆண்டு நியூயார்க் நகரில் இத்தாலிய வழிக் குடும்பமொன்றில் பிறந்தவர் கோல்டோனி. நடனம் பயின்ற அவர், பின்னர் ஜான் கசவெட்டிஸ் நியூயார்க்கில் நடத்திய நடிப்புப் பயிற்சிப் பட்டறையில் சேர்ந்தார். அங்கு மாணவர்க்கு ஒரு சூழல் மட்டுமே தரப்படும். அதற்குரிய பேச்சையும் செயலையும் அவர்களே கண்டடைதல் வேண்டும். அத்தகைய பயிற்சியொன்றே 'ஷேடோஸ்', அதாவது 'நிழல்கள்' என்னும் திரைப்படமாக வளர்ந்தது. 1957இல் வானொலி வழியே கசவெட்டிஸ் விடுத்த வேண்டுகோளை ஏற்று, நேயர்கள் சிறு சிறு தொகைகளை அனுப்பினர். 16 மில்லிமீட்டர் படச்சுருளில், பெரும்பாலும் அனுபவமற்ற குழுவினரைக் கொண்டு படம் எடுக்கப்பட்டது.

கறுப்பினக் குடும்பமொன்றின் மூன்று உடன்பிறப்புகளைப் பற்றியது இக்கதை. தங்கை வெளிர்நிறத்தவள். அவளை நேசிக்கும் வெள்ளை இளைஞன், அவளுடைய கருநிற அண்ணனைக் கண்டதும் திகைத்துப் பின்வாங்குகின்றான். கறுப்பர் வெள்ளையர் கலப்புத் திருமணத்தைத் தடுக்கும் சட்டங்கள் அமெரிக்க மாநிலங்கள் பலவற்றில் 1967வரை நிலவின என்பதை நினைவிற் கொண்டால், இக்காட்சியின் துணிவு விளங்கும். காதலனோடு கழித்த முதல் இரவுக்குப் பின், இன்பத்தையன்றி ஏமாற்றத்தையும் அச்சத்தையுமே அப்பெண் வெளியிடுகின்றாள். அக்கால ஹாலிவுட் கதாநாயகிகளிடம் காண்டற்கரிய உண்மை அது. இத்தாலிய வழியினர் ஒருவர் கறுப்பினப் பெண்ணாக நடித்தது தகுமா என்னும் வினா இன்று எழுவதும் நியாயமே.

1958இல் திரையிட்ட முதல் வடிவம் பலரைக் கவரவில்லை. ஆகவே 1959இல் பல காட்சிகள் எழுதப்பெற்று மீண்டும் படமாக்கப்பட்டன. எனினும், இறுதிப் படம் 'முன்னேற்பாடின்றி உருவானது' என்னும் அறிவிப்போடுதான் முடிகின்றது. இது முழு உண்மையன்று. முழுப் பொய்யும் அன்று. ஏனெனில், பின்னர் எழுதப்பட்டவை நடிகர்கள் பயிற்சியில் உருவாக்கிய பாத்திரங்களைச் சார்ந்தே அமைந்தன. கதையில் வரும் தங்கையின் பெயரும் லீலியாவே!

1960இல் வெனிஸ் திரைப்பட விழாவில் இப்படம் பாராட்டுப் பெற்றது. பிரிட்டிஷ் திரைப்படக் கழகத்தாரின் விருதுக்குச் சிறந்த புதுமுகங்களுள் ஒருவராகக் கோல்டோனியும் முன்மொழியப்பட்டார். ஆயின், பெரும் வாய்ப்புகள் தொடரவில்லை. 1974இல் மார்ட்டின் ஸ்கார்செசியின் படமொன்றிலும், 1978இல் வெளியான அறிவியற் புனைவுப் படமொன்றிலும் துணைப் பாத்திரங்களிலேயே தோன்றினார். 1993இல் 'ஷேடோஸ்' அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்றது. கோல்டோனி 2023இல் மறைந்தார்.

கசவெட்டிஸ் அமெரிக்கத் தனிமுயற்சித் திரைப்படத்தின் முன்னோடியாகப் போற்றப்படுகின்றார். அப்புகழ் தகுதியானதே. ஆனால், மாணவர் தம் உள்ளத்திலிருந்து அகழ்ந்தெடுத்த பேச்சும் உணர்வும் ஆசிரியரின் ஆக்கமாக மட்டுமே எண்ணப்படுமாயின், அது நிறைவான வரலாறு ஆகாது. கற்பிப்போர் யாவரும் கருத்திற் கொள்ளத்தக்க உண்மை இது.