படத்துக்குக் கீழே நாலு வரி

தினம் ஒரு புகைப்படமும் அதன் கீழே நாலு வரி விளக்கமும் போடுகிற வழக்கம் சில பத்திரிகைகளில் உண்டு. ஒரு நாள் மலை. ஒரு நாள் கோபுரம். ஒரு நாள் சந்தையில் குந்தி உட்கார்ந்து மிளகாய் விற்கும் கிழவி. காப்பி ஆறுவதற்குள் பார்த்துவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடுகிறோம். நாவல் எழுதிப் பிழைக்கும் எனக்கு அந்த நாலு வரியை எழுதும் வேலை ஒரு சமயம் வந்து சேர்ந்தது. போட்டோ எடுக்கும் நண்பர் ஒருவர் செஞ்சியில் ஒரு வாரம் தங்கி எடுத்த படங்கள் அவை. முந்நூறு பக்கம் எழுதுகிறவனுக்கு நாலு வரி ஒரு பொருட்டா என்று நினைத்தேன். அந்த நாலு வரியில்தான் வழுக்கி விழுந்தேன்.

ராஜகிரியின் அடிவாரத்தில் செட்டிகுளத்துக்குப் பக்கத்தில் ஒரு பெரும் பாறை இருக்கிறது. ஆள் உயரத்துக்கு மூன்று மடங்கு இருக்கும். அதன் நடுவில் இயற்கையாகவே கிணறு மாதிரி ஒரு பள்ளம். வாய் விளிம்பைச் சுற்றிச் செங்கல் வைத்துக் கட்டியிருக்கிறார்கள். 'கைதிக் கிணறு' என்று அதற்குப் பெயர். மரண தண்டனை பெற்றவர்களை அதற்குள் தள்ளிப் பட்டினி போட்டார்களாம். நண்பரின் படத்தில் அந்தப் பாறை சாயங்கால வெயிலில் பூதம் போல நின்றது. எனக்குள் இருந்த நாவலாசிரியன் விழித்துக்கொண்டான். "இதற்குள் மாண்டவர்களின் ஓலம் இன்றும் இந்த மலைகளிடையே கேட்கிறது" என்று முடித்தேன்.

படம் வெளியான மூன்றாம் நாள், செஞ்சியிலிருந்து ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர் ஒருவரின் கடிதம் வந்தது. "ஐயா, அந்த ஓலத்தைத் தாங்கள் எந்த ஆண்டில் கேட்டீர்கள்? எங்கள் ஊர்ப் பிள்ளைகள் தங்கள் விளக்கத்தைக் கத்தரித்து நோட்டில் ஒட்டி வைத்திருக்கிறார்கள். பரீட்சையில் எழுதுவார்கள்."

அவ்வளவுதான். வசவு ஒன்றும் இல்லை. வைதிருந்தால் நானும் பதிலுக்கு நாலு வார்த்தை எழுதியிருப்பேன். மறு வாரமே திண்டிவனத்தில் பஸ் ஏறினேன்.

திருவண்ணாமலைச் சாலையில் செஞ்சியை நெருங்கும்போது தெரிகிற காட்சியை எந்தப் படமும் முழுக்கக் காட்டியதில்லை. மலை என்றால் மலை அல்ல. யாரோ மூட்டை மூட்டையாகக் கல்லைக் கொண்டுவந்து கொட்டிவிட்டுப் போன மாதிரி. கோடிக்கணக்கான ஆண்டுகள் வெயிலும் மழையும் கருங்கல்லை அதன் வெடிப்புகள் வழியே அரித்துத் தின்று, மிச்சம் வைத்த உருண்டைகள் இவை. கோட்டை கட்டினவர்கள் செய்ததெல்லாம் உருண்டைக்கும் உருண்டைக்கும் நடுவே சுவர் எழுப்பியதுதான். பாதிக் கோட்டை முன்பே கட்டி முடிந்திருந்தது என்று சொல்லலாம்.

ஆசிரியர் வாசலிலேயே நின்றிருந்தார். "வாங்க சார், வாங்க. வெயில் ஏறுறதுக்குள்ளே பாறையைப் பாத்துட்டு வந்துடுவோம்" என்று என் பையை வாங்கிக்கொண்டார். அவருக்கு வயது எழுபதுக்கு மேல், எனக்கு நாற்பத்தாறு. மூச்சு வாங்கியது எனக்குத்தான்.

படமும் விளக்கமும் சேர்ந்து வருவது இன்று நேற்றைய பழக்கம் அல்ல. 1856-இல் சென்னை அரசாங்கம் லின்னேயஸ் டிரைப் என்ற ராணுவ காப்டனைத் தனது போட்டோகிராபராக நியமித்தது. அடுத்த ஆண்டு டிசம்பரில் அவர் பெங்களூரிலிருந்து கிளம்பி ஸ்ரீரங்கம், திருச்சி, மதுரை, புதுக்கோட்டை, தஞ்சாவூர் என்று சுற்றினார். படங்கள் 1858-இல் விளக்கக் குறிப்புகளோடு தொகுதி தொகுதியாக வெளிவந்தன. படம் பிடித்தவர் டிரைப், குறிப்பு எழுதியவர்கள் வேறு பேர், என் கதைதான். ஆனால் தஞ்சைப் பெரிய கோயிலில் அந்த மனிதர் ஒரு காரியம் செய்தார். விமானத்தின் அடித்தளத்தில் ஓடும் கல்வெட்டைத் துண்டு துண்டாக எடுத்து, 21 படங்களைப் பக்கம் பக்கமாக ஒட்டி, ஏறக்குறைய 19 அடி நீளத்துக்கு ஒரே படமாக்கினார். கல்லே தன் விளக்கத்தைச் சொல்லிக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்ட மாதிரி! 1859-இல் கவர்னராக வந்த டிரெவெல்யன், போட்டோகிராபி அரசாங்கத்துக்குத் தாங்காத ஆடம்பரம் என்று கருதி அந்த இலாகாவையே மூடிவிட்டார்.

செஞ்சியிலும் கல் பேசுகிற இடம் ஒன்று உண்டு. கோட்டைக்குள் இருக்கும் சாதத்துல்லா கான் மசூதியில் பாரசீகக் கல்வெட்டு இருக்கிறது. 1717-18-இல் கட்டியது. ஆற்காட்டு நவாபின் வெற்றியைச் சொல்லுவது. யாரை வென்றார்? நம் தேசிங்கு ராஜனைத்தான். அவர் பெயர் தேஜ் சிங், புந்தேல்கண்டு ராஜபுத்திரர். கோட்டைக்கு அதிகாரியாக இருந்த தகப்பனார் சொரூப் சிங் இறந்ததும் இங்கே வந்தார். கப்பப் பாக்கித் தகராறு முற்றி, 1714 அக்டோபர் 3-ஆம் தேதி போரில் மாண்டார். வயது 22. ஆண்டது பத்து மாதம்கூட நிரம்பவில்லை. ஜயித்தவர் கல்லில் எழுதி வைத்தார். தோற்றவருக்காகத் தெருப் பாடகர்கள் பாடினார்கள். 1960-இல் சினிமாவும் வந்தது. கல்வெட்டைப் படித்தவர்கள் எத்தனை பேர்? தேசிங்கு கதை தெரியாதவர்கள் எத்தனை பேர்? பத்து மாதக்காரர் முன்னூறு வருஷமாக இந்தக் கோட்டையை ஆண்டுகொண்டிருக்கிறார்.

இதில் ஒரு வேடிக்கை, கல்யாண மகாலின் படத்தைப் பார்க்கிறவர்கள் அதையும் தேசிங்குக்கே கொடுத்துவிடுகிறார்கள். அடுக்கடுக்காக எழுந்து கூம்பு முடியில் முடியும் அந்த அழகான கட்டடம் நாயக்கர்கள் காலத்தது. மண் குழாய் வைத்து மேல் மாடிக்குத் தண்ணீர் ஏற்றியிருக்கிறார்கள். அந்தத் தண்ணீரைப் படத்தில் காட்ட முடியாது. விளக்கத்தில்தான் ஓடவிட வேண்டும்.

2025 ஜூலையில் யுனெஸ்கோ, மராட்டியரின் ராணுவ நிலப்பரப்பு என்ற தலைப்பில் 12 கோட்டைகளை உலகப் பாரம்பரியச் சின்னங்களாக அறிவித்தது. பதினொன்று மகாராஷ்டிரத்தில், மிச்சம் ஒன்று செஞ்சி. ஊரில் எல்லோருக்கும் சந்தோஷம். ஆசிரியரிடம் கேட்டேன்: "மராட்டியக் கோட்டை என்று சொல்லிவிட்டார்களே, உங்களுக்கு வருத்தம் இல்லையா?"

"பொய்யில்லையே, சார்" என்றார்.

வாஸ்தவம்தான். 1677-இல் சிவாஜி பிடித்த கோட்டை. அவர் மகன் ராஜாராம் இங்கே வந்து ஒதுங்கி, ஔரங்கசீப்பின் படையை 1690 முதல் 1698 வரை தாக்குப்பிடித்தார். ஆனால் அதற்கு முன்பு நாயக்கர்கள். 1649-இல் வந்த பீஜப்பூர்க்காரர்கள். பின்னால் மொகலாயர், நவாப், 1750-இல் இரவோடு இரவாக ஏறிப் பிடித்த பிரெஞ்சுக்காரர், 1761-இல் ஆங்கிலேயர். இத்தனை பேரையும் நாலு வரியில் அடக்கினால் அது விளக்கம் ஆகாது, ரேஷன் கார்டு ஆகிவிடும். ஒருவரை மட்டும் சொன்னாலோ, மற்றவர்கள் குடியே இருக்கவில்லை என்று ஆகிவிடும். என் அபிப்பிராயம், படத்தில் எந்தக் கல் இருக்கிறதோ அந்தக் கல்லை வைத்தவனைச் சொன்னால் போதும்.

ஊருக்குத் திரும்பியதும் திருத்தம் எழுதிக் கொடுத்தேன். பாறைப் பள்ளம் இயற்கையானது, செங்கல் கட்டு மனிதர் வேலை, கைதிக் கதை ஊரார் வழிவழியாகச் சொல்வது என்று மூன்றே வாக்கியம். ஒரு மூலையில் போட்டார்கள். அதையும் பிள்ளைகளைக் கத்தரித்து ஒட்டச் சொல்லிவிட்டதாக ஆசிரியர் எழுதியிருந்தார்.

கட்டில் இன்னும் ஒரு படம் பாக்கி. ராஜகிரி பின்னால் தெரிய, துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு ஒருவர் ஆடு மேய்க்கிறார். நண்பர் அதன் பின்னால் 'அன்றாடக் காட்சி' என்று பென்சிலால் குறித்திருந்தார். செஞ்சியில் அது அன்றாடக் காட்சி மட்டும் அல்ல. கர்நாடக ராஜாக்கள் சரித்திரம் எழுதிய நாராயண பிள்ளை சொல்கிறபடி, இந்த மலையில் முதலில் அரண் கட்டியவர் ஆனந்தக் கோன், இடையர் குலத்தவர். ராஜகிரிக்கு முதலில் ஆனந்தகிரி என்றே பெயர். எதிரே இருக்கும் மலைக்குக் கிருஷ்ணக் கோன் பெயரால் கிருஷ்ணகிரி.

மூன்று வரி எழுதிவிட்டு நண்பருக்குப் போன் செய்தேன். "அந்த ஆட்டுக்காரர் பேர் என்ன?"

"கேக்கலையே, சார்" என்றார்.

நாலாவது வரியைக் காலியாக விட்டு வைத்திருக்கிறேன். அடுத்த வாரம் அவர் மறுபடியும் செஞ்சிக்குப் போகிறார்.